விகுதி

சொலத்தூர்னில் ஒரு கடிகாரத்துக்குப்
பன்னிரண்டு இல்லை. பதினொன்றோடு சரி.
அதன்கீழ் நடந்து
கந்தோரின் இரண்டாம் மாடிக்குப் போகிறேன்.
மணிக்கு எழுபத்தைந்து பிராங், பயணச்செலவு தனி.
எல்லாருக்கும் பெயரட்டை உண்டு மேசையில்.
மொழிபெயர்ப்பாளனுக்கு வைக்க மறந்துவிட்டார்கள்.

விதி இதுதான்:
அவள் 'நான்' என்றால் நானும் 'நான்' என்பேன்.
அவர் 'நான்' என்றாலும் நானே 'நான்'.
ஆகையால் முற்பகல் முழுக்க
இங்கோல்ட்டின் தாயார் வீட்டுப் படிகளை
முழங்காலில் நின்று துடைத்தவளும் நான்,
யாரையும் அப்படிப் பணித்ததில்லை என்று
இருபத்திரண்டு வருட உத்தியோகத்தின்மேல்
ஆணையிட்டவரும் நான்.
தண்ணீர் குடித்தது மட்டும் எனக்காக.

கமலவேணி சொல்கிறாள்:
"என்ர விசாக் கடதாசி அவற்ற மேசையிலதான் கிடந்தது.
பார்ப்பம் எண்டவர்.
பிறகு, அம்மா தனிய இருக்கிறா,
சனிக்கிழமையில போய்
வீட்டைத் துடைச்சுவிடும் எண்டு சொன்னவர்."

விசாரணை அதிகாரியின் பேனா நிற்கிறது.
சொன்னார் என்றால்?
கேட்டுக்கொண்டாரா, கட்டளையிட்டாரா?

நான் அவளைக் கேட்கிறேன்.
தமிழ் தெரியாதவனைப் பார்ப்பதுபோல்
என்னைப் பார்க்கிறாள்.
"சொன்னவர், தம்பி.
கடதாசி அவற்ற கையில. சொன்னவர்."

சான்று நான்கு:
சூரிச் தமிழ்க் கடையொன்றின் நாட்காட்டி.
முப்பத்தொரு சனிக்கிழமைகளில் நீல வட்டம்.
பக்கத்தில் அச்சடித்த மணிக்கணக்கு என்ன,
அதுவும் வேலை நேரமா என்கிறார்
இங்கோல்ட்டின் வழக்கறிஞர்.
ராகுகாலம் என்கிறேன்.
விளக்குங்கள்.
ஒரு பாம்பு, ஒரு கிரகம், ஒன்றரை மணி நேரம்...
தட்டச்சுப் பெண்ணின் விரல்கள் அந்தரத்தில் நிற்கின்றன.
"சனியில ஒன்பதுக்குத் தொடங்கும்.
அதுக்கு முதல், எட்டரைக்கே போய்
வேலையில கை வைச்சிடுவன்."
ஒன்பதரைக்கு அல்லவா வரச்சொன்னது?
"ஓம்."
ஆக, ஒரு மணி முன்னதாக,
தாமாகவே, விருப்பத்துடன்.
பதியப்படுகிறது.
அவள் அத்தனை நேரம் பார்த்துப் போயும்
ராகு இங்கே வந்து உட்கார்ந்திருக்கிறது.

இங்கோல்ட் கெட்டவர் மாதிரித் தெரியவில்லை.
கழுத்துப்பட்டியில் சின்னச் சின்ன மீன்கள்.
என் தாய்க்கு இவரைப் பிடித்திருந்தது,
கோப்பியும் கேக்கும் கொடுப்பார் என்கிறார்.
அதையும் நான்தான் சொல்லவேண்டியிருக்கிறது,
என் தாய் என்று.

"ஓம், தந்தவ. நல்ல மனிசி.
என்னை மரியா எண்டுதான் கூப்பிடுவா.
முதல் வந்தவளின்ர பேராம்."

இதை டொச்சில் சொல்லி முடிக்கும்போது
வெந்நீர்க் குழாயின் சத்தம் கேட்கிறது.
முதல் வந்தவள் யார்?
இங்கோல்ட் வழக்கறிஞரைப் பார்க்கிறார்.
வழக்கறிஞர் ஜன்னலை.
எனக்குத்தான் அந்தக் கேள்வி என்பதுபோல்
கமலவேணி மெல்ல, மேசையைப் பார்த்து:
"எனக்கு மட்டும் செய்யிற உதவி எண்டெல்லோ
சொன்னவன்."

ர் உதிர்ந்து ன் விழுந்தது.
காலையிலிருந்து குற்றம் சொல்லச் சொல்ல
மரியாதை விடாத நாக்கு அது.

டொச்சில் அவருக்கும் அவனுக்கும் ஒரே சொல்: ஏர்.
மேடு பள்ளம் பாராமல் உழுதுவிடும்.
நானும் உழுதேன்.
ஒரு குறிப்புச் சேர்க்கவா என்று கேட்டிருக்கலாம்.
கருத்துரைக்க உரிமையில்லை என்று
நான் ஒப்பமிட்ட தாளில் இருக்கிறது.
சாப்பாட்டு நேரமும் ஆகியிருந்தது.

ஐந்து கிழமை கழித்து முடிவு வந்தது.
எழுத்தில் கண்டனம், நாய்வரிப் பிரிவுக்கு மாற்றம்.
மரியா பற்றித் தனிக்கோப்பு,
அந்தப் பெண்ணின் விலாசம் கிடைக்குமிடத்து.
கமலவேணிக்குத் தமிழில் ஒரு பிரதி வேண்டுமாம்,
பக்கத்துக்கு நாற்பது பிராங்.

சமையலறை மேசையில் இருந்து எழுதுகிறேன்.
'மேற்படி இங்கோல்ட் இடமாற்றப்படுகிறா'
வரை வந்துவிட்டது.
இந்தமுறை ஏர் என் கையில்.
அடுத்த எழுத்தை டொச் சொல்லித் தரவில்லை.
கோப்பி ஆறும்வரை இருந்தேன்.

ர் போட்டு அனுப்பினேன்.